அறுந்த இடத்தைத் தேடு!

செங்கம் பஸ் ஸ்டாண்டில் பெங்களூரு பஸ்ஸுக்குக் காத்து நின்று, சிங்காரப்பேட்டை, ஊத்தங்கரை, கிருஷ்ணகிரி என்று ஊர் ஊராகக் கடந்து வேலைக்குப் போன தம்பியே, தங்கையே, உன்னோடுதான் பேச வந்திருக்கிறேன். இன்று நீ ஒரு நிறுவனத்தின் டேட்டாபேஸைக் காப்பவன், காப்பவள். இரவுப் பணி. மணி இரண்டு இருக்கும். போன் அடிக்கிறது. "ரெப்ளிகா கட் ஆயிடுச்சு. என்னன்னு உடனே பாருங்க."

உன் கை எங்கே போகிறது? ரீஸ்டார்ட் கட்டளைக்குப் போகிறது. அடித்தால் சிவப்பு போய்ப் பச்சை வரும். மேலதிகாரி "ஓகே, தேங்க்ஸ்" என்பார். நீ போய்ப் படுப்பாய். மறுநாள் இரவு அதே நேரத்துக்கு அதே இணைப்பு மறுபடியும் அறும். மறுபடியும் ரீஸ்டார்ட். இப்படியே ஒரு வருஷம் ஓடும். பணி அனுபவம் ஓராண்டு என்று பயோடேட்டாவில் எழுதுவாய். ஆனால் இணைப்பு ஏன் அறுந்தது என்று யாராவது கேட்டால் உன்னிடம் பதில் இருக்காது.

கையை எடு! காரணம் தெரியாமல் அடிக்கும் ரீஸ்டார்ட் உன்னை வளரவிடாது. அறுந்த இணைப்பு உன்னிடம் ஏதோ சொல்ல வருகிறது. நீ அதைக் கேட்காமல் வாயைப் பொத்துகிறாய். முதலில் கேள். அதன் பிறகு எதை வேண்டுமானாலும் செய்.

அந்த நேரத்தில் உனக்குள் ஒரு குரல் எழும் என்பதும் எனக்குத் தெரியும். "நான் அரசுப் பள்ளியில் தமிழ் வழியில் படித்தவன். இதெல்லாம் பெரிய கல்லூரியில் படித்தவர்கள் பார்க்கும் வேலை. என்னால்தான் ஏதோ தப்பாகிவிட்டது." அந்தக் குரலை நம்பாதே! அதற்கு ஆதாரம் எதுவும் கிடையாது. லாக் கோப்பில் ஆதாரம் இருக்கிறது. இரண்டில் எதை நம்பப் போகிறாய்?

பெரிய கட்டடங்களில் இணைப்பு அறுவதில்லை என்றா நினைக்கிறாய்? 2021 பிப்ரவரி 24 அன்று தேசியப் பங்குச் சந்தையான என்.எஸ்.இ. காலை 11.40 மணிக்கு நின்றுபோனது. மீண்டும் வர்த்தகம் தொடங்கியபோது மாலை 3.45. மும்பையில் உள்ள அதன் முதன்மை மையத்துக்கும் அருகிலுள்ள மாற்று மையத்துக்கும் நடுவே இரண்டு தொலைத்தொடர்பு நிறுவனங்களின் லைன்கள் ஓடின. ஒன்று போனால் இன்னொன்று காப்பாற்றும் என்பது கணக்கு. அன்று இரண்டுமே தடுமாறின. வழியில் நடந்த தோண்டும் வேலையும் கட்டுமானமும் காரணம் என்று சந்தையே பிற்பாடு விளக்கம் தந்தது. மாற்று மையம் எட்டாமல் போனாலும் தன்பாட்டில் ஓட வேண்டிய சேமிப்புக் கட்டமைப்பு, அன்று ஓடவில்லை. நாடே பார்த்துக்கொண்டிருக்கச் சந்தை நின்றது. நம் ஊர்ப் பக்கம் ரோடு போடும் ஜே.சி.பி. கேபிளை அறுத்துவிட்டுப் போகிறதே, அதே கதைதான் மும்பையிலும்!

2018 அக்டோபர் 21 அன்று, உலகம் முழுக்க உள்ள புரோகிராமர்கள் நம்பியிருக்கும் கிட்ஹப்பில் இரண்டு மையங்களுக்கு நடுவே இணைப்பு அறுந்தது. எவ்வளவு நேரம் தெரியுமா? 43 வினாடி. பழுதான ஒளியிழைக் கருவியை மாற்றும் வழக்கமான வேலைதான் அது. அந்த 43 வினாடிக்குள் தானியங்கி மென்பொருள், முதன்மை சர்வர் போய்விட்டது என்று முடிவு கட்டி, மறுபக்கத்திலிருந்த சர்வரை முதன்மையாக்கிவிட்டது. இணைப்பு திரும்பியபோது, இந்தப் பக்கம் எழுதப்பட்டவற்றில் சில அந்தப் பக்கம் இல்லை. அந்தப் பக்கத்தில் எழுதப்பட்டவை இந்தப் பக்கம் இல்லை. சரிசெய்து முடிக்க 24 மணி 11 நிமிடம் ஆனது. சேவையை அவசரமாக ஓடவைப்பதா, பயனாளர்களின் தரவைக் காப்பதா என்ற கேள்வி வந்தபோது, தரவுதான் முக்கியம் என்று அவர்கள் முடிவெடுத்தார்கள். பிறகு நடந்ததை நிமிடவாரியாக எழுதி ஊருக்கே படிக்கக் கொடுத்தார்கள். தலைகுனியவில்லை. நீ ஏன் குனிய வேண்டும்?

ரெப்ளிகேஷன் என்றால் என்னவென்று வீட்டில் கேட்டால் எப்படிச் சொல்வாய்? ஒரு சர்வரில் எழுதப்படும் ஒவ்வொரு மாற்றமும் ஒரு மாற்றக் குறிப்பில் வரிசையாகப் பதிவாகிறது. தூரத்தில் இருக்கும் இன்னொரு சர்வர் அந்தக் குறிப்பை நெட்வொர்க் வழியே வாங்கி, தன்னிடமும் அதே மாற்றங்களை அதே வரிசையில் செய்துகொள்கிறது. முதல் சர்வர் செத்தால் இரண்டாவது எழுந்து நிற்கும். அம்மா வங்கிக் கணக்கில் போட்ட பணமும், அக்கா பிரசவத்தின் மருத்துவமனைப் பதிவும் இப்படிப்பட்ட படிகளை நம்பித்தான் பிழைத்திருக்கின்றன. நீ காப்பது அதைத்தான்.

படி எடுப்பதன் அருமையைச் செங்கத்துப் பிள்ளைக்கு வேறு யாரும் வந்து சொல்ல வேண்டியதில்லை. நம் ஊரை ஆண்ட நன்னனைப் பாடும் மலைபடுகடாம் எப்படி இத்தனை நூற்றாண்டு தாண்டி வந்தது? பெயர் தெரியாத மனிதர்கள் ஓலையிலிருந்து ஓலைக்குப் படி எடுத்துக்கொண்டே வந்ததால் வந்தது. 1889இல் உ.வே.சாமிநாதையர் பத்துப்பாட்டை அச்சிட்டபோது, வெவ்வேறு இடத்து ஏடுகளை ஒப்பிட்டுத்தான் பாடம் தீர்மானித்தார். நம் சுற்றுவட்டாரத்து நடுகற்களும் வெயிலிலும் மழையிலும் நின்றவை. அவற்றின் எழுத்தைப் படியெடுத்துத் தமிழ்நாடு தொல்லியல் துறை 1972இல் 'செங்கம் நடுகற்கள்' என்று நூலாக்கியது. இனி கல் சிதைந்தாலும் எழுத்து வாழும். தம்பி, உன் வேலை அந்த வரிசையில் வருகிறது. இதைச் சின்ன வேலை என்று யாராவது சொன்னால் நம்பாதே.

சரி, வேலைக்கு வருவோம். இணைப்பு அறுந்துவிட்டது. என்ன செய்வாய்?

எதையும் தொடுவதற்கு முன் நிலைமையைப் பதிவு செய். மைஎஸ்க்யூஎல் என்றால் ரெப்ளிகாவின் நிலையைக் காட்டும் கட்டளையை ஓட்டி, வந்ததை அப்படியே ஒரு கோப்பில் நேரத்தோடு சேமி. இரண்டு பக்கத்து லாகையும் எடு. முதன்மையின் லாக், ரெப்ளிகாவின் லாக், இரண்டும் வேண்டும். ஒரு பக்கத்தை மட்டும் கேட்டுவிட்டுத் தீர்ப்புச் சொல்லும் பஞ்சாயத்து எங்கே உருப்பட்டது? ரீஸ்டார்ட் அடித்துவிட்டால் நிலைத் திரையில் இருந்த கடைசிப் பிழைச் செய்தி போய்விடும். சாட்சியை நீயே அனுப்பிவைத்த மாதிரி ஆகிவிடும்.

அடுத்து, அந்தப் பிழைச் செய்தியில் என்ன சொல் இருக்கிறது என்று பார். ஆங்கிலம் என்று மிரளாதே. நாலே நாலு சொல் போதும் தொடங்க. 'ரெஃப்யூஸ்ட்' என்றிருந்தால், அந்த இயந்திரம் வரை நீ போய்விட்டாய், அந்த போர்ட்டில் கேட்க ஆள் இல்லை அல்லது வாசலிலேயே மறுத்துவிட்டார்கள். 'டைம்ட் அவுட்' என்றிருந்தால், நீ அனுப்பியதற்குப் பதிலே வரவில்லை. வழியில் ஃபயர்வால் சத்தமில்லாமல் விழுங்குகிறதா, பாதையே இல்லையா என்று பார். 'ரீசெட்' என்றால் பேசிக்கொண்டிருந்தபோது எதிர்முனையோ நடுவில் இருக்கும் கருவியோ வெட்டிவிட்டது. 'டினைட்' என்றால் நெட்வொர்க்கைத் திட்டாதே, பாஸ்வேர்டையும் உரிமையையும் பார். நாலு சொல், நாலு வெவ்வேறு திசை. இவற்றை வேறுபடுத்தத் தெரிந்த அன்றே கூட்டத்தில் நீ தனியாகத் தெரிவாய்.

பிறகு எப்போது அறுகிறது என்று கேள். இதில்தான் பாதி வழக்கு தீரும். மாற்றக் குறிப்பின் ஒரே இடத்தில் ஒவ்வொரு முறையும் நின்றால், அந்த இடத்தில் அனுமதித்த அளவை மீறிய பெரிய பாக்கெட் ஒன்று இருக்கலாம். அளவு வரம்பைப் பார். இரண்டு ரெப்ளிகாக்கள் மாறி மாறி அறுந்தால், இது வர அது போக, அது வர இது போக என்றிருந்தால், இரண்டும் ஒரே சர்வரின் நகலாக உருவாக்கப்பட்டவையா என்று விசாரி. ஒன்றை அப்படியே குளோன் செய்யும்போது அதன் அடையாள எண்ணும் சேர்ந்து நகலாகிவிடும். முதன்மை சர்வருக்கு இருவரும் ஒரே ஆள். புதிதாக வந்தவரை ஏற்றுப் பழையவரை வெளியே தள்ளும். பழையவர் திரும்ப வருவார், புதியவர் வெளியே போவார். டேட்டா கோப்புறையில் இருக்கும் ஆட்டோ.சிஎன்எஃப் என்ற சின்னஞ்சிறு கோப்பில்தான் அந்த எண் இருக்கிறது. குளோன் சர்வரில் அதை நீக்கிவிட்டுத் தொடங்கினால் புது எண் பிறக்கும், சண்டை முடியும். இதில் மேதாவித்தனம் எதுவும் இல்லை. லாகைப் படிக்கும் பொறுமை இருந்தால் போதும். அதே செய்தி அங்கே எழுதியே இருக்கும்!

இன்னொரு கேஸைக் கொஞ்சம் நின்று பார்ப்போம். இது நல்ல நல்ல ஆட்களையே ஏமாற்றிய கேஸ். பகல் முழுக்க ரெப்ளிகேஷன் ஓடுகிறது. நள்ளிரவுக்கு மேல் வேலை குறைந்ததும் நின்றுபோகிறது. திரையிலோ எல்லாம் 'யெஸ்', தாமதம் பூஜ்யம். காலையில் பார்த்தால் இரவு நடந்த மாற்றம் வந்து சேரவில்லை. எப்படி?

நடுவில் ஒரு ஃபயர்வால் இருக்கிறது. அது தன் வழியே போகும் ஒவ்வொரு டிசிபி இணைப்பையும் ஒரு பட்டியலில் வைத்திருக்கிறது. சில நிமிடம் யாரும் பேசவில்லையென்றால், இந்த இணைப்பு செத்துவிட்டது என்று பட்டியலிலிருந்து எடுத்துவிடும். பெரும்பாலும் இரு பக்கத்துக்கும் சொல்லாது. அமேசான் கிளவுடின் நாட் கேட்வேயில் அந்தப் பொறுமை 350 வினாடிதான். லினக்ஸோ, சும்மா இருக்கும் இணைப்பு உயிரோடு இருக்கிறதா என்று முதல் தடவை தட்டிப்பார்க்க எடுத்துக்கொள்ளும் நேரம் 7200 வினாடி, அதாவது இரண்டு மணி நேரம். 350 எங்கே, 7200 எங்கே! மைஎஸ்க்யூஎல்லின் பழைய பதிப்புகளில், முதன்மையிடமிருந்து சத்தமே வராவிட்டாலும் ரெப்ளிகா 3600 வினாடி காத்திருக்கும். 5.7.7 பதிப்பிலிருந்துதான் அது 60 வினாடியானது. பழைய சர்வர் என்றால் ஒரு மணி நேரம் வரை, அறுந்துபோன கயிற்றைப் பிடித்துக்கொண்டு 'யெஸ், யெஸ்' என்று சொல்லிக்கொண்டிருக்கும். புதிதாக எதுவும் வரவில்லை, அதனால் தாமதமும் பூஜ்யம் என்று காட்டும்.

பார்த்தாயா? சர்வர் நல்ல சர்வர். ஃபயர்வாலும் தன் கடமையைத்தான் செய்தது. மூன்று காத்திருப்பு நேரங்கள் ஒன்றோடொன்று ஒத்துப்போகவில்லை, அவ்வளவுதான். இதயத் துடிப்புபோல இடைவிடாது போகும் ஹார்ட்பீட் செய்தியின் இடைவெளியை ஃபயர்வாலின் பொறுமைக்குக் கீழே கொண்டுவந்தால் தீர்ந்தது. கூடவே, முதன்மையில் நொடிக்கு ஒரு தடவை நேரத்தை எழுதும் ஒரு சின்ன டேபிளை வை. ரெப்ளிகாவில் அந்த நேரம் எவ்வளவு பின்தங்கியிருக்கிறது என்று பார். 'யெஸ்' பொய் சொல்லலாம், அந்த டேபிள் பொய் சொல்லாது. இந்தக் காரணத்தை ஓர் இரவில் தோண்டி எடுக்கிறவனை எந்த மேலதிகாரியால் இளக்காரமாகப் பேச முடியும்?

போஸ்ட்கிரெஸ் வைத்திருப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. அங்கே ரெப்ளிகேஷன் ஸ்லாட் என்று ஒன்று உண்டு. ரெப்ளிகா வாங்கிக்கொள்ளும் வரை மாற்றக் கோப்புகளை முதன்மை அழிக்காமல் வைத்திருக்கும். ரெப்ளிகா அறுந்து கிடந்து யாரும் கவனிக்காவிட்டால், கோப்புகள் குவிந்து முதன்மையின் டிஸ்க்கே நிரம்பி அதுவும் நின்றுபோகும். 2020இல் வந்த 13ஆம் பதிப்பில் இதற்கு வரம்பு வைக்க வழி வந்தது. ஆனால் நீயாக அமைக்காவிட்டால் வரம்பு இல்லை. இன்றே போய்ப் பார்.

பதற்றத்தில் கை வைத்தால் என்ன ஆகும் என்பதற்கு 2017 ஜனவரி 31 சாட்சி. கிட்லேப் நிறுவனத்தில் ரெப்ளிகேஷன் பின்தங்கி அறுந்தது. நெடுநேரம் வேலை பார்த்துக் களைத்த ஒரு பொறியாளர், ரெப்ளிகாவின் கோப்புறையைக் காலிசெய்வதாக நினைத்து முதன்மையின் கோப்புறையை அழித்தார். கிட்டத்தட்ட 300 ஜிபி தரவு. நிறுத்தியபோது மிஞ்சியது 4.5 ஜிபி. பேக்கப்பைத் தேடினால், எடுக்கும் மென்பொருள் பதிப்பு மாறிப்போய் வெகுநாளாகவே தோற்றுக்கொண்டிருந்திருக்கிறது. தோற்கிறது என்று சொல்லும் மின்னஞ்சல்களும் வந்து சேரவில்லை. ஆறு மணி நேரத்துக்கு முன் தற்செயலாக எடுத்த ஒரு நகல்தான் காப்பாற்றியது. மீட்கும் வேலையை அவர்கள் யூடியூபில் நேரலையாகக் காட்டினார்கள். பழியை அந்தப் பொறியாளர் தலையில் போடாமல், அப்படி ஒரு தவறுக்கு இடம் கொடுத்த அமைப்பைத் திருத்தினார்கள். நீ கட்டளை தட்டுவதற்கு முன் நான் எந்த சர்வரில் நிற்கிறேன் என்று வாய்விட்டுச் சொல். கண் சொருகினால் பக்கத்தில் உள்ளவரை எழுப்பு. உதவி கேட்பது கோழைத்தனம் என்று யார் சொன்னது?

இப்போது தலையைத் திருப்பி நம் ஜவ்வாது மலையைப் பார். வளைவுக்கு வளைவு செல்போன் சிக்னல் வந்து வந்து போகும் அந்த மலையில்தான் காவலூர் வானாய்வகம் இருக்கிறது. 1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் கோள் ஒரு நட்சத்திரத்தை மறைக்கப்போகிறது என்று உலகெங்கும் தொலைநோக்கியைத் திருப்பி வைத்திருந்தார்கள். காவலூரில் ஒரு மீட்டர் தொலைநோக்கி. கோள் மறைக்க இன்னும் நேரம் இருக்கும்போதே, எதிர்பாராமல் சில வினாடிகள் நட்சத்திர ஒளி மங்கி மறுபடி வந்தது.

எதிர்பாராத துண்டிப்பு! மேகம் என்று சொல்லியிருக்கலாம். கருவிக் கோளாறு என்று தள்ளியிருக்கலாம். அங்கிருந்த வானியலாளர்கள் ஜே.சி.பட்டாச்சார்யாவும் குப்புசாமியும் தள்ளவில்லை. பதிவை வைத்து ஆராய்ந்து, யுரேனசுக்குப் புதிய துணைக்கோள் இருக்கலாம் என்று அதே ஆண்டு 'நேச்சர்' இதழில் எழுதினார்கள். இந்தியப் பெருங்கடலுக்கு மேல் விமானத்தில் பறந்தபடி நோக்கிய அமெரிக்கக் குழுவின் பதிவில், கோளுக்கு இரு பக்கமும் அப்படிப்பட்ட மங்கல்கள் இருந்தன. பல இடத்துப் பதிவுகளையும் ஒப்பிட்டபோது உண்மை தெளிந்தது: அவை யுரேனசின் வளையங்கள். காவலூரின் முதல் விளக்கம் மாறிப்போனது. காவலூரின் பதிவு மாறவில்லை. அது அப்படியே நின்று வளையங்களுக்குச் சாட்சி சொன்னது.

தங்கையே, இதைக் கெட்டியாகப் பிடித்துக்கொள். உன் முதல் ஊகம் தவறாகப் போனால் போகட்டும். ஃபயர்வால் என்று நினைப்பாய், கடைசியில் டிஸ்க்காக இருக்கும். அதற்காக வெட்கப்படாதே. பதிவைச் சரியாக வைத்திருந்தால் ஊகத்தைத் திருத்திக்கொள்ளலாம். பதிவே இல்லாதவனுக்குத் திருத்த என்ன இருக்கிறது? கூட்டத்தில் ஆங்கிலம் சரளமாக வராவிட்டால், நேரம் போட்ட இரண்டு பக்க லாகை மேஜைமேல் வை. "1.52க்குக் கடைசி செய்தி வந்தது, 1.58க்கு ஃபயர்வால் இணைப்பை எடுத்தது" என்று தெரிந்த ஆங்கிலத்தில் சொல். அந்த இரண்டு நேரங்களுக்கு எதிரே யாருடைய வாய்ச்சவடாலும் நிற்காது.

கற்றுக்கொள்ளப் பணம் இல்லை என்று சொல்லாதே. மைஎஸ்க்யூஎல்லின் சமூகப் பதிப்பும் இலவசம், போஸ்ட்கிரெஸும் இலவசம். ஒரு பழைய லேப்டாப்பில் இரண்டு வெவ்வேறு போர்ட்டில் இரண்டு சர்வர்களை ஓட்டலாம். ஒன்றை முதன்மையாக்கு, இன்னொன்றை ரெப்ளிகாவாக்கு. மாற்றம் போய்ச் சேருகிறதா என்று பார். சேர்ந்ததும் வேண்டுமென்றே உடை! பாஸ்வேர்டை மாற்று. போர்ட்டை ஃபயர்வாலில் அடை. அடையாள எண்ணை இரண்டிலும் ஒன்றாக்கு. பாக்கெட் அளவைக் குறைத்துவிட்டு ஒரு பெரிய படத்தை உள்ளே போடு. ஒவ்வொரு முறையும் லாகில் என்ன வரி விழுகிறது என்று நோட்டில் எழுது, தமிழிலேயே எழுது. பரீட்சைக்கு எழுதிய எந்த நோட்டையும்விட அது உனக்குச் சோறு போடும். நீயே நூறு விதமாக உடைத்துப் பார்த்ததை, நள்ளிரவில் வேறு யாரோ உடைத்தால் உனக்கு ஏன் பயம் வரப்போகிறது?

ஊரில் கரண்ட் போகும், நெட் போகும். போகட்டும். இந்தப் பயிற்சிக்கு இன்டர்நெட்டே வேண்டாம், இரண்டு சர்வரும் உன் மடியிலேயே இருக்கின்றன. சனிக்கிழமை வரட்டும் என்று தள்ளாதே. லேப்டாப்பைத் திற. முதல் இணைப்பை இன்றிரவே கட்டி, இன்றிரவே உன் கையால் அறுத்துப் பார்!